பி.எட். கல்லூரி அங்கீகார வழக்குகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மதுரையில் ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருக்கிறேன். அதற்கு முன் ஒரு கல்வியியல் கல்லூரியில் அலுவலகக் கண்காணிப்பாளராக வேலை பார்த்தேன். அதனால் இரண்டு பக்கமும் தெரியும்: கல்லூரி எப்படிப் பேசும், நீதிமன்றம் எப்படிக் கேட்கும். அட்மிஷன் காலம் வந்தால் எனக்கு போன் ஓயாது. கேட்பவர்கள் மாறுகிறார்கள், கேள்வி மாறுவதில்லை. கேட்டவர்கள் கேட்ட வார்த்தையிலேயே கேள்விகளை வைத்திருக்கிறேன். மாணவர்களும் கேட்டார்கள், பெற்றோரும் கேட்டார்கள், சில தாளாளர்களும் கேட்டார்கள்.

அங்கீகாரம், இணைவுன்னு ரெண்டு சொல்றாங்களே, ரெண்டும் ஒண்ணுதானே?

இல்லை. அங்கீகாரம் தருவது தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம், அதாவது எல்லோரும் சொல்லும் என்.சி.டி.இ. இந்தக் கட்டடத்தில், இத்தனை ஆசிரியர்களோடு, இத்தனை மாணவர்களுக்கு ஆசிரியர் பயிற்சி நடத்தலாம் என்ற அனுமதி அது. இணைவு தருவது தேர்வு நடத்தும் அமைப்பு. தமிழ்நாட்டில் பி.எட்., எம்.எட். என்றால் 2008-ல் தொடங்கப்பட்ட தமிழ்நாடு ஆசிரியர் கல்வியியல் பல்கலைக்கழகம். தொடக்கக் கல்விப் பட்டயப் படிப்புக்கு (பழைய பெயரில் டி.டி.எட்.) தேர்வு நடத்துவது அரசுத் தேர்வுகள் இயக்ககம்.

வரிசையும் முக்கியம். முதலில் அங்கீகாரம், பிறகுதான் இணைவு. என்.சி.டி.இ. சட்டத்தின் 16-ஆவது பிரிவு, அங்கீகாரம் இல்லாத கல்லூரிக்கு எந்தப் பல்கலைக்கழகமும் இணைவு தரக் கூடாது, அதன் மாணவர்களுக்குத் தேர்வும் நடத்தக் கூடாது என்கிறது. வேறு எந்தச் சட்டத்தில் என்ன இருந்தாலும் இதுதான் செல்லும் என்று அந்தப் பிரிவே சொல்லிவிடுகிறது.

இந்த என்.சி.டி.இ. எப்போலேருந்து இருக்கு? எங்க அக்கா 1992-ல டீச்சர் டிரெய்னிங் முடிச்சாங்க, அவங்களுக்கு இது பொருந்துமா?

1973 முதலே அந்தப் பெயரில் ஓர் அமைப்பு இருந்தது. ஆனால் ஆலோசனை சொல்வதோடு சரி, அதிகாரம் கிடையாது. 1993-ல் சட்டம் இயற்றப்பட்டு, 1995 ஜூலை 1 அன்று நடைமுறைக்கு வந்தது. 1995 ஆகஸ்ட் 17 அன்று சட்டப்படியான குழுமம் அமைந்தது. அந்த நாளில் ஏற்கெனவே நடந்துகொண்டிருந்த நிறுவனங்கள் ஆறு மாதத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்று அவகாசம் கொடுத்தார்கள்.

எனவே உங்கள் அக்காவுக்கு என்.சி.டி.இ. கணக்கு பொருந்தாது. அவர் படித்த காலத்தில் மாநில அரசின் அங்கீகாரம் இருந்ததா என்பதுதான் கேள்வி. அப்போதும் பிரச்சினை இல்லாமல் இல்லை. எண்பதுகளின் கடைசியிலும் தொண்ணூறுகளின் தொடக்கத்திலும் அரசு அங்கீகாரம் இல்லாத பயிற்சி நிறுவனங்கள் தமிழ்நாட்டில் நிறைய இருந்தன. உச்ச நீதிமன்றம் வரை போன பழைய வழக்குகளில் சில நம்மூர் வழக்குகளே. அவற்றைக் கீழே ஸ்டே பற்றிய கேள்வியில் சொல்கிறேன்.

காலேஜ்ல ‘எல்லாம் இருக்கு’ன்னு சொல்றாங்க. நான் எப்படிச் சரிபார்க்கிறது?

‘இருக்கிறதா’ என்று கேட்காதீர்கள். ‘ஆணையைக் காட்டுங்கள்’ என்று கேளுங்கள். வரவேற்பறையில் பிரேம் போட்டு மாட்டியிருப்பார்கள். அதில் ஐந்து விஷயங்களைப் பாருங்கள்: தேதி, படிப்பின் பெயர், இடங்களின் எண்ணிக்கை, எந்தக் கல்வியாண்டு முதல், எந்த முகவரிக்கு. ஐந்திலும் வில்லங்கம் வந்து நான் பார்த்திருக்கிறேன். பி.எட்.டுக்கு வாங்கிய ஆணையை வைத்துக்கொண்டு எம்.எட்.டுக்கு ஆள் சேர்ப்பார்கள். புதிய படிப்புக்கும் கூடுதல் இடங்களுக்கும் 15-ஆவது பிரிவின்கீழ் தனி அனுமதி வேண்டும். ஆணையில் இருப்பது 50 இடம், வகுப்பில் இருப்பது 100 பேர் என்றால், 51-ஆவது ஆள் அங்கீகாரம் இல்லாத கல்லூரியில் படிப்பவரைப் போலத்தான். ஆணை பழைய ஊருக்கு, கல்லூரி புதிய ஊரில் என்றால், இடமாற்றத்துக்கு அனுமதி வாங்கினார்களா என்று கேட்க வேண்டும்.

என்.சி.டி.இ.யின் 2014-ஆம் ஆண்டு விதிமுறைகளால் 2015-16 முதல் பி.எட். ஒரு வருடத்திலிருந்து இரண்டு வருடமானது. அதையொட்டிப் பழைய கல்லூரிகளுக்குத் திருத்திய அங்கீகார ஆணை கொடுத்தார்கள். ஆகவே பழைய கல்லூரியில் குறைந்தது இரண்டு ஆணைகள் இருக்க வேண்டும். பழையதை மட்டும் காட்டினால் இரண்டாவதையும் கேளுங்கள். கடைசியாக, என்.சி.டி.இ. இணையதளப் பட்டியலையும் பல்கலைக்கழகத்தின் இணைவுக் கல்லூரிப் பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒன்றில் இருந்து இன்னொன்றில் இல்லையென்றால், பணம் கட்டுவதற்கு முன்பே காரணம் கேட்டுவிடுங்கள்.

அங்கீகாரம் இல்லாத காலேஜ்னு இப்பத்தான் தெரியுது. ஆனா நான் எக்ஸாம் எழுதிப் பாஸ் ஆயிட்டேன். சர்டிஃபிகேட் செல்லாதா?

சட்டத்தின் 17(4) பிரிவு இதற்கென்றே இருக்கிறது. அங்கீகாரம் வாங்கத் தவறிய நிறுவனத்திலோ, அங்கீகாரம் ரத்தான பிறகு நடந்த படிப்பிலோ பெற்ற தகுதி, மத்திய, மாநில அரசு வேலைக்கும் பல்கலைக்கழக வேலைக்கும் அரசு உதவிபெறும் பள்ளி, கல்லூரி வேலைக்கும் தகுதியாகக் கருதப்படாது. படிப்பை முறைப்படுத்தும் அதிகாரம்தான் நாடாளுமன்றத்துக்கு உண்டு, வேலைக்கான தகுதியைப் பற்றி எப்படிச் சட்டம் போடலாம் என்று ராஜஸ்தானிலிருந்து ஒரு வழக்கு போனது. உச்ச நீதிமன்றம் 2002-ல் அந்தப் பிரிவு செல்லும் என்று சொல்லிவிட்டது. அந்தக் கதவு அத்துடன் மூடிவிட்டது.

‘அப்போ தனியார் பள்ளியில் வேலை பார்க்கலாமே?’ என்பது அடுத்து வரும் கேள்வி. அந்தப் பிரிவில் சுயநிதிப் பள்ளியின் பெயர் இல்லைதான். ஆனால் கட்டாயக் கல்விச் சட்டத்தின்கீழ் 2010 ஆகஸ்ட் 23 அன்று என்.சி.டி.இ. வெளியிட்ட அறிவிக்கை, ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை கற்பிக்கும் ஆசிரியரின் குறைந்தபட்சத் தகுதியைச் சொல்கிறது. அங்கீகாரம் பெற்ற பட்டயமும் பட்டமும் மட்டுமே கணக்கில் வரும் என்று அதிலேயே இருக்கிறது. தகுதித் தேர்வுக்கு விண்ணப்பிக்கும்போதோ ஆசிரியர் தேர்வு வாரியத்தின் சான்றிதழ் சரிபார்ப்பிலோ இது வெளியே வந்துவிடும். வேலைக்கான கடிதம் கைக்கு எட்டும் நேரத்தில் தெரியவருவதைவிட இப்போது தெரிந்தது ஒரு வகையில் நல்லது.

நான் செகண்ட் இயர். காலேஜ் அங்கீகாரத்தை ரத்து பண்ணிட்டாங்கன்னு பேப்பர்ல போட்டிருக்கு. என் கதி?

பதறாதீர்கள். ரத்து என்பது கரண்ட்டை நிறுத்துவதுபோல அந்த நிமிடமே நடப்பதில்லை. 17(1) பிரிவின்படி, ரத்து ஆணை கல்லூரிக்குத் தெரிவிக்கப்பட்ட தேதிக்கு அடுத்து வரும் கல்வி அமர்வின் முடிவிலிருந்துதான் நடைமுறைக்கு வரும். உள்ளே இருக்கும் மாணவர்கள் படிப்பை முடித்துக்கொண்டு போகட்டும் என்பதற்காகத்தான் இந்த இடைவெளி.

செய்ய வேண்டியது ஒன்றே: ரத்து ஆணையின் நகலைப் பெற்று, எந்தக் கல்வியாண்டு முதல் ரத்து என்று அதில் எழுதியிருக்கும் வரியைப் படியுங்கள். அங்கீகாரம் தருவதையும் ரத்து செய்வதையும் முடிவு செய்வது என்.சி.டி.இ.யின் மண்டலக் குழு. அதன் கூட்டக் குறிப்புகள் இணையத்தில் வரும். ரத்தாகும் கல்வியாண்டுக்கு முன்பு சேர்ந்தவர் என்றால் உங்கள் ஆண்டு அங்கீகாரம் இருந்த ஆண்டு. அட்மிஷன் கட்டண ரசீது, வருகைப் பதிவு, தேர்வு எண் எல்லாவற்றையும் பத்திரமாக வையுங்கள். சேர்ந்த தேதியை நிரூபிக்க அவைதான் கைகொடுக்கும். இந்த வழக்குகளில் தொண்ணூறு சதவீதம் தேதிச் சண்டைதான்.

எதுக்காக ரத்து பண்றாங்க? ஒரு பேப்பர் குறைஞ்சா ரத்தா?

சில நேரம் உண்மையிலேயே ஒரு பேப்பர்தான். ஆனால் பெரும்பாலும் அந்தப் பேப்பருக்குப் பின்னால் ஏதாவது இருக்கும். 2014 விதிமுறைகளின்படி 100 பேர் படிக்கும் பி.எட். கல்லூரிக்கு முதல்வரைச் சேர்த்து 16 முழுநேர ஆசிரியர்கள் வேண்டும். 50 பேருக்கு 2,500 சதுர மீட்டர் நிலம், அதில் 1,500 சதுர மீட்டர் கட்டடம். 5 லட்சம் அறக்கொடை நிதி, 7 லட்சம் இருப்பு நிதி, ஆக 12 லட்சம் வைப்புத்தொகை. நிலப் பத்திரம், வில்லங்கச் சான்று, நில உபயோக மாற்றச் சான்று, அங்கீகரிக்கப்பட்ட வரைபடம், கட்டட நிறைவுச் சான்று. ஆசிரியர் பட்டியலில் இணைவுப் பல்கலைக்கழகத்தின் ஒப்புதல் கையெழுத்து.

இதில் அதிகம் மாட்டுவது ஆசிரியர் பட்டியல். ஒரே பேராசிரியர் பெயர் இரண்டு கல்லூரிப் பட்டியலில் இருக்கும். தகுதியுள்ளவர் ஆய்வு நாளன்று வருவார், அடுத்த வாரம் இருக்க மாட்டார். நான் முன்பு பார்த்த இடத்திலேயே, பார்வையாளர் குழு வருவதற்கு முந்தின இரவு நூலகப் புத்தகங்கள் வேனில் வந்து இறங்கின. பதிவேட்டில் எண் போட்டு முடிக்க விடிந்துவிட்டது. குழு போன மறுநாள் அதே வேன் வந்தது. இப்போது ஆய்வை வீடியோ எடுக்கிறார்கள், அப்படியும் வேன்கள் ஓடிக்கொண்டுதான் இருக்கின்றன.

அண்மைக் காலத்தில் புதிய காரணம் ஒன்று சேர்ந்திருக்கிறது: செயல்பாட்டு மதிப்பீட்டு அறிக்கை. 2021-22, 2022-23 ஆண்டுகளுக்கு இதை இணையம் வழியாகத் தரச் சொன்னார்கள். தராத கல்லூரிகளுக்கு நோட்டீஸ் போனது. அவற்றில் பல, மாணவரே சேராமல் பேருக்கு இருந்த கல்லூரிகள்.

நான் தாளாளர் பேசுறேன். விளக்கம் கேட்டு நோட்டீஸ் வந்திருக்கு. வக்கீலைப் பார்க்கணுமா, பதில் எழுதினாப் போதுமா?

ஐயா, பதில் எழுதுங்கள், ஆனால் கடிதமாக எழுதாதீர்கள். நோட்டீஸில் எத்தனை குறை சொல்லியிருக்கிறார்களோ அத்தனைக்கும் வரிசைப்படி பதில், ஒவ்வொன்றுக்கும் ஆவணம், கெடு தேதிக்கு முன்பு, அனுப்பியதற்கு அத்தாட்சியோடு. ‘விரைவில் சமர்ப்பிக்கிறோம்’ என்ற வாக்கியத்தை மட்டும் தயவுசெய்து எழுத வேண்டாம். அது ‘எங்களிடம் இல்லை’ என்று கையெழுத்துப் போட்டுக் கொடுப்பதற்குச் சமம். ரத்து ஆணையில் அந்த வாக்கியத்தையே எடுத்துப் போடுவார்கள்.

அங்கீகாரத்தை மறுப்பதற்கு முன்பும் ரத்து செய்வதற்கு முன்பும் விளக்கம் சொல்ல நியாயமான வாய்ப்புத் தர வேண்டும் என்று 14, 17 பிரிவுகள் சொல்கின்றன. நோட்டீஸே வராமல் ரத்து, நோட்டீஸில் சொன்ன காரணம் ஒன்று ஆணையில் சொன்ன காரணம் வேறு, அனுப்பிய பதிலைப் பார்க்காமலே ‘பதில் வரவில்லை’ என்று ரத்து. இந்த மூன்றும்தான் கல்லூரிகள் வெல்லும் வழக்குகள். அதனால்தான் அத்தாட்சி, அத்தாட்சி என்று அடித்துக்கொள்கிறேன்.

ரத்து ஆர்டர் வந்தாச்சு. நேரா ஹைகோர்ட் போகலாமா? டெல்லிக்குத்தான் போகணுமா?

18-ஆவது பிரிவின்கீழ் குழுமத்திடமே மேல்முறையீடு உண்டு. கெடு 60 நாள். தாமதத்துக்குத் தக்க காரணம் இருந்தால் அதற்குப் பிறகும் ஏற்கலாம். முதலில் இதைச் செய்யுங்கள். மேல்முறையீடு இருக்கும்போது அதை விட்டுவிட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால், ‘அங்கே போய்விட்டு வாருங்கள்’ என்று முதல் விசாரணையிலேயே திருப்பி அனுப்ப வாய்ப்பு அதிகம். நோட்டீஸே தராதது, அதிகாரமே இல்லாதவர் ஆணை போட்டது போன்ற நேரங்களில் நேரடியாக ரிட் நிற்கும்.

தெற்கு மண்டலக் குழு அலுவலகம் முன்பு பெங்களூரில் இருந்தது. பிறகு எல்லா மண்டலக் குழுக்களையும் டெல்லி துவாரகாவுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதனால்தான் இந்தக் குழப்பம். அரசமைப்புச் சட்டத்தின் 226(2) கூறின்படி, வழக்குக்கான காரணம் ஒரு பகுதியாவது எழுந்த இடத்து உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. கல்லூரி இங்கே, நோட்டீஸ் வந்தது இங்கே, பாதிப்பு இங்கே. தென் மாவட்டம் என்றால் மதுரைக் கிளையிலேயே போடலாம். மேல்முறையீட்டு ஆணை டெல்லியில் போடப்பட்டதால் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போகிறவர்களும் நிறைய உண்டு.

மாநில அரசு ‘புது காலேஜ் வேண்டாம்’னு கொள்கை முடிவு எடுத்திருக்கு. அப்புறம் எப்படி என்.சி.டி.இ. அங்கீகாரம் கொடுக்குது?

1976-ல் கொண்டுவந்த 42-ஆவது திருத்தத்தால் கல்வி பொதுப் பட்டியலுக்குப் போனது. உயர்கல்வியின் தரத்தை ஒருங்கிணைப்பதும் நிர்ணயிப்பதும் மத்தியப் பட்டியலின் 66-ஆவது பதிவு. என்.சி.டி.இ. சட்டம் அந்த 66-இல் நிற்கிறது. மகாராஷ்டிர அரசு, ஆசிரியர்கள் ஏற்கெனவே அதிகம், புதிய பி.எட். கல்லூரி வேண்டாம் என்று முடிவெடுத்து, என்.சி.டி.இ. அங்கீகரித்த கல்லூரியை மறுத்தது. உச்ச நீதிமன்றம் 2006-ல் அந்த மறுப்பு செல்லாது என்றது. அங்கீகாரத்தை முடிவு செய்யும் இடம் என்.சி.டி.இ.தான், அது கொடுத்த பிறகு மாநிலம் தன் கொள்கையைச் சொல்லித் தடுக்க முடியாது என்பது தீர்ப்பின் சாரம்.

அப்படியென்றால் மாநிலத்துக்கு வாயே இல்லையா? உண்டு. முதலில் மாநில அரசின் தடையின்மைச் சான்று வேண்டும் என்று விதி இருந்தது. அது செல்லும் என்று 2003-ல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. ஆனால் மாநிலம் என்.சி.டி.இ. வகுத்த வழிகாட்டுதலுக்குள் நின்றுதான் கருத்துச் சொல்ல வேண்டும், இறுதி முடிவு மண்டலக் குழுவுடையது என்றும் சேர்த்துச் சொன்னது. இப்போதைய விதிமுறையில் மாநிலத்திடம் பரிந்துரை கேட்கிறார்கள். தடையின்மைச் சான்று இணைவு தரும் அமைப்பிடமிருந்து வர வேண்டும். என் சொந்தக் கருத்தைக் கேட்டால், ஒரு மாநிலத்துக்கு எத்தனை ஆசிரியர் தேவை என்பது அந்த மாநிலத்துக்குத்தான் தெரியும். வேலை இல்லாத பி.எட். பட்டதாரிகள் துவாரகா வாசலில் போய் நிற்பதில்லை, நம்மூர் வேலைவாய்ப்பு அலுவலக வாசலில்தான் நிற்கிறார்கள். ஆனால் சட்டம் வேறு பக்கம் இருக்கிறது.

சாமி வரம் கொடுத்தும் பூசாரி கொடுக்கல. அங்கீகாரம் கையில இருக்கு, யுனிவர்சிட்டி இணைவு தரமாட்டேங்குது. தர வேண்டியது கட்டாயம்தானே?

ஓரளவுக்குத்தான். அங்கீகாரம் கிடைத்ததும் இணைவு தர வேண்டும் என்று 14(6) பிரிவு சொல்கிறது. அதைக் காட்டி ‘பல்கலைக்கழகம் வெறும் ரப்பர் ஸ்டாம்ப்’ என்று வாதாடுவார்கள். 2011-ல் இமாச்சலப் பிரதேச வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் இதைப் பிரித்துச் சொன்னது. அங்கீகாரமும் இணைவும் வேறு வேறு. மாணவர் சேர்க்கைத் தகுதி, தேர்வு, பாடத்திட்டம் போன்றவற்றில் தேர்வு நடத்தும் அமைப்புக்குச் சொந்த விதிகள் இருக்கலாம், அவற்றை நிறைவேற்றச் சொல்லிக் கேட்கலாம். ஆனால் என்.சி.டி.இ. பார்த்து முடித்த நிலம், கட்டடம், ஆசிரியர் எண்ணிக்கையை முதலிலிருந்து தோண்டி அதே காரணத்துக்காக மறுப்பது கஷ்டம்.

காலக்கெடுவும் உண்டு. 2012-ல் உத்தரப் பிரதேசக் கல்லூரிகளின் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓர் அட்டவணை வகுத்தது. அங்கீகாரம் மார்ச் 3-க்குள், இணைவு மே 10-க்குள். அதைத் தாண்டி வந்தால் அந்த ஆண்டு சேர்க்கை கிடையாது, அடுத்த ஆண்டுதான். ஜூலையில் ஆணையை வாங்கிக்கொண்டு ‘இந்த வருடமே’ என்று விளம்பரம் கொடுக்கும் கல்லூரியைக் கண்டால் இந்த இரண்டு தேதிகளையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

நாங்க சிறுபான்மை நிறுவனம். 30-ஆவது கூறு எங்களுக்கு இருக்கே, இதெல்லாம் எங்களுக்கும் உண்டா?

உண்டு. அரசமைப்புச் சட்டத்தின் 30-ஆவது கூறு சிறுபான்மையினருக்குத் தருவது நிறுவனத்தை அமைக்கவும் நிர்வகிக்கவும் உள்ள உரிமை. அது வேறு, தரம் வேறு. மதுரையிலிருந்து போன ஒரு பெண்கள் ஆசிரியர் பயிற்சி நிறுவனத்தின் வழக்கிலேயே 1993-ல் உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. நிர்வாகத்தில் தலையிடக் கூடாது என்பதற்காக ஆசிரியரும் நூலகமும் இல்லாமல் நடத்த உரிமை வந்துவிடாது.

‘ஹைகோர்ட்ல ஸ்டே வாங்கியாச்சு, தைரியமா சேருங்க’ன்னு காலேஜ்ல சொல்றாங்க. சேரலாமா?

எதற்கு ஸ்டே என்று கேளுங்கள். விஷயம் முழுக்க அங்கேதான் இருக்கிறது. இருந்த அங்கீகாரத்தை ரத்து செய்த ஆணைக்குத் தடை என்றால், பழைய அங்கீகாரம் தற்காலிகமாக உயிரோடு இருக்கிறது. புதிய கல்லூரிக்கு அங்கீகாரம் மறுத்த ஆணைக்குத் தடை என்றால், உயிர்ப்பிக்க அங்கே ஒன்றுமே இல்லை. மறுப்பை நிறுத்தி வைத்தால் அனுமதி பிறந்துவிடாது.

முதல் வகையிலும், தடை ஆணையில் ‘மாணவர் சேர்க்கை இந்த வழக்கின் இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது’ என்று ஒரு வரி இருக்கும். அந்த வரியின் பொருள், கல்லூரி தோற்றால் நீங்களும் தோற்கிறீர்கள் என்பது. தடை என்பது ரத்து ஆணையை அழிப்பதில்லை, மூடி வைக்கிறது. மனு தள்ளுபடியான நாளில் மூடி திறந்துவிடும்.

‘பாவம் மாணவர்கள், நீதிமன்றம் கைவிடாது’ என்பார்கள். கைவிட்டிருக்கிறது. அங்கீகாரம் இல்லாத நிறுவன மாணவர்களை மனிதாபிமான அடிப்படையில் தேர்வெழுத விடச் சொன்ன சென்னை உயர் நீதிமன்ற உத்தரவை 1991-ல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. உரிமை இல்லை என்று சொல்லிவிட்டு, பரிதாபத்துக்காக அனுமதிக்க முடியாது என்றது. 1992-ல் மகாராஷ்டிர வழக்கிலும், மேலே சொன்ன 1993 மதுரை வழக்கிலும் அதே நிலை. அரைகுறைப் பயிற்சியோடு வரும் ஆசிரியரால் நட்டம் அவருடைய வகுப்புப் பிள்ளைகளுக்கு என்பதுதான் இந்தத் தீர்ப்புகளின் அடியில் ஓடும் எண்ணம். மாணவர்களை முன்னால் நிறுத்திக்கொண்டு கல்லூரி பின்னால் ஒளிவதை நீதிபதிகளும் பல வருடமாகப் பார்க்கிறார்கள்.

அப்பீல்ல ஜெயிச்சுட்டோம்னு காலேஜ்ல பட்டாசு வெடிச்சாங்க. ஆனா ஆர்டர்ல ‘திருப்பி அனுப்பப்படுகிறது’ன்னு இருக்கு. ஜெயிச்சாங்களா இல்லையா?

பாதி. மறுபரிசீலனைக்காக மண்டலக் குழுவுக்குத் திருப்பி அனுப்பினால், பழைய ஆணை போயிற்று, புதிய முடிவு இன்னும் வரவில்லை என்று அர்த்தம். ஸ்டே கேள்வியில் சொன்ன அதே பிரிவினை இங்கும் பொருந்தும். ரத்து ஆணை போனால் பழைய அங்கீகாரம் திரும்பும். மறுப்பு ஆணை போனால் விண்ணப்பம் மறுபடி மேசைக்கு வரும், அவ்வளவுதான். பட்டாசைப் பார்த்துப் பணம் கட்டாதீர்கள்.

சேர்ந்தப்ப அங்கீகாரம் இல்ல, நாங்க படிக்கிறப்பவே வந்துடுச்சு. இப்போ சரியாயிடுச்சுல்ல?

இல்லை. அங்கீகாரம் ஆணை சொல்லும் அமர்விலிருந்து முன்னோக்கித்தான் செல்லும், பின்னோக்கிச் செல்லாது. மேலே சொன்ன 2011 இமாச்சல வழக்கின் இன்னொரு பாதி இதுதான்.

பின்னோக்கிச் செல்லுபடியாக்க நாடாளுமன்றத்தால் முடியும், ஒருமுறை செய்தது. 2019-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம், மத்திய, மாநில அரசுகளின் நிதியில் இயங்கிய சில நிறுவனங்கள் அனுமதி வாங்காமல் நடத்திய படிப்புகளுக்கு 2017-18 கல்வியாண்டு வரை பின்தேதியிட்ட அங்கீகாரம் பெற வழி செய்தது. அரசே தவறு செய்தால் சட்டம் திருத்தப்படுகிறது, தனியார் மாணவர் ஏமாந்தால் சட்டம் படிக்கப்படுகிறது என்று எங்கள் வழக்கறிஞர் ஒருமுறை சொன்னார். எப்படியானாலும், அந்தச் சலுகை தனியார் கல்லூரிக்கு இல்லை. அதைக் காட்டி யாராவது நம்பிக்கை கொடுத்தால் நம்ப வேண்டாம்.

அங்கீகாரமே இல்லாம ஏமாத்திட்டாங்க. கட்டின பணத்தையாவது வாங்க முடியுமா?

முயலலாம். அங்கீகாரம் இருப்பதாக எழுத்தில் சொல்லிப் பணம் வாங்கியிருந்தால் காவல் நிலையத்தில் மோசடிப் புகார் கொடுக்கலாம். நுகர்வோர் ஆணையத்தில் கொஞ்சம் சிக்கல் உண்டு. கல்வி ஒரு சேவைப் பண்டம் அல்ல, நுகர்வோர் வழக்கு நிற்காது என்று 2012-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் 2009-ல், அங்கீகாரமும் இணைவும் இருப்பதாக விளம்பரம் செய்து ஆள் சேர்த்த பீகார் பல் மருத்துவக் கல்லூரி வழக்கில் மாணவர்களுக்கு இழப்பீடு கிடைத்ததையும் அதே நீதிமன்றம்தான் உறுதி செய்தது. உங்கள் வழக்கு இரண்டாவதைப் போன்றது என்று காட்ட வேண்டும். அதற்கு விளம்பர நோட்டீஸ், கையேடு, வாட்ஸ்அப் செய்தி, ரசீது வேண்டும். ரசீது தராமல் வாங்கிய ‘நன்கொடை’க்குத்தான் எந்த நீதிமன்றத்திலும் வழி பிறப்பதில்லை.

பி.எட். அங்கீகாரம் உள்ள காலேஜ்லதான் முடிச்சேன். ஆனா ஒண்ணாம் வகுப்பு டீச்சர் வேலைக்குத் தகுதி இல்லைங்கிறாங்களே, அதுவும் அங்கீகாரப் பிரச்சினையா?

இல்லை, அது வேறு. 2018 ஜூன் 28 அன்று என்.சி.டி.இ. ஓர் அறிவிக்கை மூலம் பி.எட். முடித்தவர்களையும் தொடக்க வகுப்புகளுக்கு அனுமதித்தது. 2023 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்றம் அந்த அறிவிக்கை செல்லாது என்றது. சின்னக் குழந்தைகளுக்குக் கற்பிக்கும் பயிற்சி பட்டயப் படிப்பில்தான் இருக்கிறது என்பது காரணம். தீர்ப்பு முன்னோக்கியே செல்லும் என்று 2024-ல் விளக்கமும் வந்தது. உங்கள் பட்டம் செல்லும், அந்த வேலைக்குச் செல்லாது.

நான் படிச்ச காலேஜை மூடிட்டாங்க, கட்டடத்துல இப்ப கல்யாண மண்டபம் நடக்குது. வேலை கிடைச்ச இடத்துல உண்மைத்தன்மைச் சான்று கேட்கிறாங்க. யார்கிட்ட போறது?

கல்லூரி போனாலும் தேர்வு நடத்தியவர் போகவில்லை. பி.எட். என்றால் பட்டம் கொடுத்த பல்கலைக்கழகத்தின் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலகம். நீங்கள் 2008-க்கு முன்பு முடித்திருந்தால், சான்றிதழில் எந்தப் பல்கலைக்கழகத்தின் பெயர் இருக்கிறதோ அது. பட்டயம் என்றால் அரசுத் தேர்வுகள் இயக்ககம். மதிப்பெண் பட்டியலின் நகல், கட்டணம், துறைத் தலைவரின் கடிதம் ஆகியவற்றோடு உங்கள் அலுவலகம் வழியாகவே விண்ணப்பம் போகும்.

கூடவே, நீங்கள் படித்த ஆண்டில் கல்லூரிக்கு அங்கீகாரம் இருந்ததைக் காட்டும் ஆணையும் கேட்டால் திகைக்க வேண்டாம். அங்கீகார ஆணைகள் அரசிதழில் வெளியிடப்பட வேண்டியவை. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் மண்டலக் குழுவிடம் 10 ரூபாய் கட்டணத்தோடு கேட்டால் நகல் கிடைக்கும். விண்ணப்பத்தில் கல்லூரியின் பழைய முகவரியையும் நீங்கள் படித்த கல்வியாண்டையும் மறக்காமல் எழுதுங்கள்.